பசுவின் உடற்சூடு

எங்கள் வீட்டுத் தொழுவத்தில் மாடுகளின் நோயைக் காண்பதற்கு இருந்த கருவி அப்பத்தாவின் வலக்கை ஒன்றே. விடியற்காலையில் சாணம் அள்ள வரும்போதே அவர் ஒவ்வொரு மாட்டின் காதடியையும் பற்றிப் பார்ப்பார். பிறகு மூக்கு நுனியை நோக்குவார். நலமாக உள்ள மாட்டின் மூக்கில் பனித்துளி போல நீர் அரும்பி நிற்கும். அது காய்ந்து கிடந்தால் அவர் முகம் வாடிவிடும். "இன்றைக்கு இதை ஏரில் பூட்ட வேண்டாம்" என்பார். அப்பாவும் மறுத்துப் பேசமாட்டார்.

எங்கள் ஊர் கம்பம் பள்ளத்தாக்கில், உத்தமபாளையத்திற்கு அருகில் உள்ளது. மேற்கே மேற்குத் தொடர்ச்சி மலை, கிழக்கே மேகமலையும் வருசநாட்டு மலைகளும், இடையே முல்லையாறு. பென்னிகுவிக் கட்டிய பெரியாற்று அணை 1895ஆம் ஆண்டில் நிறைவேறி, மேற்கே ஓடிய நீர் மலையைக் குடைந்து கிழக்கே திருப்பப்பட்ட பின்னர், இப்பள்ளத்தாக்கு இருபோகம் நெல் விளையும் நிலமாயிற்று. நெல் உள்ள இடத்தில் வைக்கோல் உண்டு. வைக்கோல் உள்ள இடத்தில் மாடு உண்டு. மலையடிவாரத்தில் மலைமாடுகள் மந்தை மந்தையாக மேயும். கம்பத்தில் நந்தகோபாலன் கோயிலைச் சேர்ந்த தம்பிரான் மாட்டுத் தொழுவில், மாட்டுப் பொங்கலன்று சுற்றுப்புற மக்கள் திரண்டு வந்து மாடுகளை வணங்குவர். இத்தகைய ஊரில் ஒரு மாடு தீனி எடுக்கவில்லை என்றால், வீட்டில் யாருக்கும் சோறு இறங்காது.

நான் ஒன்பதாம் வகுப்பில் படித்தபோது அப்பா ஒரு கலப்பினப் பசுவை வாங்கி வந்தார். செந்நிறமாக இருந்ததால் அதனைச் செவலை என்றழைத்தோம். அது வந்த சில நாட்களில், கால்நடை மருத்துவர் சொல்லியபடி, கண்ணாடியாலாகிய வெப்பமானி ஒன்றும் எங்கள் வீட்டிற்கு வந்து சேர்ந்தது. அதனைக் கையாளும் பொறுப்பு எனக்குக் கிடைத்தது. அன்று நான் அடைந்த பெருமையை இன்று நினைத்தால் சிறிது நாணமாகவே இருக்கிறது.

மருத்துவர் முறையாகக் கற்றுக் கொடுத்தார். முதலில் வெப்பமானியை உதறிப் பாதரசத்தைக் கீழே இறக்க வேண்டும். குமிழ் முனையில் சிறிது எண்ணெய் தடவ வேண்டும். மாட்டின் நேர் பின்னே நிற்காமல், பக்கத்தில் அணைந்து நின்று, வாலை மெல்ல உயர்த்தி, ஆசன வாயினுள் இரண்டு மூன்று அங்குலம் சற்றுச் சாய்வாகச் செலுத்த வேண்டும். குமிழ் குடலின் சுவரைத் தொட்டிருத்தல் வேண்டும். சாணத்தில் புதைந்து நின்றால் அது சாணத்தின் சூட்டைக் காட்டுமேயன்றி மாட்டின் சூட்டைக் காட்டாது. இரண்டு நிமிடம் பொறுத்து எடுத்துத் துடைத்துப் பார்க்க வேண்டும். மாடு திமிறினால் குழல் கீழே விழும் அல்லது உள்ளே போய்விடும். ஆகவே அதன் மறுமுனையில் நூல் கட்டி, நூலின் நுனியை வால் மயிரில் முடிந்து வைப்பதுண்டு.

"காதைத் தொட்டால் போதாதா?" என்று அப்பத்தா கேட்டார். "அம்மா, காது ஊர்க் காற்றோடு சேர்ந்து குளிரும், சேர்ந்து சுடும். மார்கழி விடியலில் எந்த மாட்டின் காதும் குளிர்ந்துதான் இருக்கும். உள்ளே உள்ள சூடுதான் நிலையானது" என்றார் மருத்துவர். அப்பத்தா தலையசைத்தார், ஆயினும் காதைத் தொடுவதை விட்டுவிடவில்லை.

நோயற்ற பசுவின் உடற்சூடு ஏறத்தாழ 101.5 டிகிரி பாரன்ஹீட். மனிதனுக்குக் காய்ச்சல் என்று நாம் அஞ்சும் அளவு, பசுவுக்கு நலத்தின் அளவாகும். அதிலும் ஒரு டிகிரி முன்பின்னாக இருப்பது இயல்பு. காலையில் சற்றுக் குறைந்திருக்கும், மாலையில் ஏறும். கன்றுகளுக்குப் பெரிய மாடுகளைவிடச் சிறிது மிகுதி. ஈனுவதற்கு முந்தைய நாளில் அரை டிகிரியோ ஒரு டிகிரியோ இறங்குவதும் உண்டு. இவற்றையெல்லாம் கேட்ட நான், ஒரு பழைய கணக்கு நோட்டில் கோடு போட்டு, செவலையின் சூட்டைக் காலையும் மாலையும் குறித்து வரலானேன். காலையில் 101, மாலையில் 102. நாள்தோறும் இதுவே வந்தது. சில வாரங்களில் எனக்குச் சலித்துவிட்டது. நோட்டு பரணில் ஏறியது.

அக்காலத்தில் நடந்த ஒரு வேடிக்கையையும் இங்கே சொல்லிவிடுகிறேன். சித்திரை மாதத்து நண்பகலில் பாரவண்டி இழுத்து வந்த எங்கள் காளைக்கு வெப்பமானியை வைத்தேன், 103.6 காட்டிற்று. வெயிலில் இரண்டு மைல் ஓடி மருத்துவர் முன் மூச்சிரைக்க நின்றேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்து, "தம்பி, இப்போது உனக்கு வைத்துப் பார்த்தால் எவ்வளவு காட்டும்?" என்று கேட்டார். காளையை நிழலில் கட்டித் தண்ணீர் காட்டி, இளைப்பாறிய பின் மீண்டும் பார்க்கச் சொன்னார். மாலையில் பார்த்தேன், 101.8 தான் இருந்தது.

வெப்பமானி ஏறியதெல்லாம் காய்ச்சல் அன்று என்பதை அன்று அறிந்தேன். வெயிலாலும் உழைப்பாலும் சூடு ஏறிய மாடு, அச்சூட்டை வெளியேற்றவே முயல்கின்றது. மூச்சிரைக்கிறது, வாயில் நுரை தள்ளுகிறது, நிழலைத் தேடுகிறது. காய்ச்சல் அவ்வாறானதன்று. நோய்க்கிருமியை எதிர்க்கும் உடல், தன் சூட்டின் அளவைத் தானே உயர்த்திக் கொள்கிறது. அதனால்தான் காய்ச்சல் தொடங்கும் மாடு, உட்சூடு ஏறிக்கொண்டிருக்கும்போதே, மயிர் சிலிர்த்துக் குளிரால் நடுங்குவது போல நிற்கும். ஒன்றுக்கு நிழலும் நீரும் மருந்து. மற்றொன்றுக்கு நோயின் மூலத்தைத் தேட வேண்டும். சீமைக் கலப்புள்ள பசுக்கள் வெயிலுக்கு நம் நாட்டு மாடுகளைவிட எளிதில் தளர்வன; கோடையில் அவற்றின் அளவைப் பார்க்கும்போது இதையும் மறத்தல் ஆகாது.

ஆயினும் காய்ச்சலை முன்கூட்டி அறிவதன் அருமையை அப்பத்தா எங்களைவிட நன்றாக உணர்ந்திருந்தார். அவர் கண்ட நோய் வெக்கை. பெயரிலேயே சூட்டைச் சுமந்த அந்நோய், அவருடைய இளமையில் தொழுவங்களைச் சூறையாடியது. அதில் காய்ச்சல்தான் முதலில் வரும்; வாய்ப்புண்ணும் கழிச்சலும் இரண்டு மூன்று நாட்கள் கழித்தே வெளிப்படும். காது சுட்ட அன்றே அந்த மாட்டைப் பிரித்துக் கட்டிய வீட்டில் ஒன்றிரண்டு மாடுகளாவது மிஞ்சின என்பார் அவர். 1954இல் நாடு முழுவதும் வெக்கை ஒழிப்புத் திட்டம் தொடங்கப்பட்டு, தடுப்பூசி ஊர் ஊராகச் சென்றது. இந்தியாவில் கடைசியாக 1995இல், நம் தமிழகத்தின் வட ஆர்க்காட்டுப் பகுதியில் அது தோன்றி அடங்கியது. 2011இல் உலகத்திலிருந்தே அது ஒழிந்ததாக அறிவிக்கப்பட்டது. பெரியம்மைக்கு அடுத்தபடியாக மனிதன் அடியோடு ஒழித்த நோய் அதுவே. அச்செய்தியைக் கேட்க அப்பத்தா இல்லை.

இனி, நான் சொல்லத் தயங்கும் பகுதிக்கு வருகிறேன்.

செவலை தன் நான்காவது கன்றை ஈன்றது. கிடாரிக் கன்று. சீம்பால் குடம் குடமாகக் கறந்தது என்று அம்மா மகிழ்ந்தார். மறுநாள் மாலை, பசு தவிட்டுத் தண்ணீரை முகர்ந்து பார்த்து முகத்தைத் திருப்பிக் கொண்டது. பின்னங்கால்கள் தடுமாறின. சிறிது நேரத்தில் படுத்துவிட்டது. அப்பத்தா காதைப் பற்றியவர், "சில்லென்று இருக்கிறதே! டாக்டரை அழைத்து வாருங்கள்" என்றார். நான் வெப்பமானியை எடுத்து வந்தேன். 99.6. "காய்ச்சல் இல்லை. காய்ச்சலுக்கு வெகு தூரம்" என்று உரக்கச் சொன்னேன். ஈன்ற களைப்பாக இருக்கும் என்று அப்பா எண்ணினார். இருட்டிவிட்டது, ஊரிலிருந்து மருத்துவமனை தொலைவு, காலையில் பார்த்துக் கொள்ளலாம் என்று முடிவாயிற்று. அப்பத்தா ஒன்றும் பேசாமல் ஒரு சாக்கை எடுத்துப் பசுவின் மேல் போர்த்திவிட்டு, அதன் அருகிலேயே அமர்ந்தார்.

விடியும்போது செவலை கழுத்தை மடித்து விலாவில் தலையைச் சாய்த்துக் கிடந்தது. வயிறு உப்பியிருந்தது. கண்ணைத் தொட வந்த ஈயையும் அது உணரவில்லை. வெப்பமானியில் 97. அப்பா மிதிவண்டியில் பறந்தார்.

மருத்துவர் வந்தவுடன், "நேற்று மாலை எவ்வளவு?" என்று கேட்டார். சொன்னேன். "இந்தப் பசுவுக்கு வழக்கமாக மாலையில் எவ்வளவு இருக்கும்?" என்றார். பரணில் கிடந்த நோட்டு என் கண்முன் வந்து நின்றது. 102. வெயில் நாளின் மாலையில் 102 இருக்க வேண்டிய உடல், இரண்டரை டிகிரி தாழ்ந்து கிடந்தது. ஏறினால்தான் நோய் என்று எண்ணியிருந்த நான், இறங்கியதைக் காணவே இல்லை. கருவி பொய் சொல்லவில்லை. அப்பத்தாவின் கையும் அதே செய்தியைத்தான் சொல்லிற்று.

மருத்துவர் சுண்ணாம்புச் சத்து மருந்துப் புட்டியைக் கைச்சூட்டில் வெதுவெதுப்பாக்கி, கழுத்து நரம்பின் வழியே மிக மெதுவாக ஏற்றினார். விரைந்து ஏற்றினால் இதயம் நின்றுவிடும் என்று கூறி, இடையிடையே மார்பில் காதுக்குழலை வைத்துக் கேட்டுக்கொண்டே இருந்தார். அரை மணியில் பசுவின் தசைகள் துடித்தன, ஏப்பம் வந்தது, சாணம் போட்டது, மூக்கில் நீர் அரும்பியது. ஆனால் எழவில்லை. ஓர் இரவு முழுவதும் ஒரே பக்கமாகக் கிடந்ததால், அடியில் அகப்பட்ட கால் தசைகள் நசுங்கிப் போயிருந்தன. இரண்டு நாட்கள் வைக்கோல் மெத்தை பரப்பி, சில மணிக்கு ஒரு முறை நால்வர் கூடி அதனைப் புரட்டிப் படுக்க வைத்தோம். மூன்றாம் நாள் எழுந்தது. இடப் பின்னங்காலில் ஒரு நொண்டல் மட்டும் கடைசிவரை இருந்தது.

இந்நோய்க்குப் பால் காய்ச்சல் என்று பெயர். காய்ச்சலே இல்லாத நோய்க்கு அப்பெயரிட்டவர் யாரோ, அவர்மீது எனக்கு இன்றும் வருத்தமுண்டு. நிறையக் கறக்கும் பசு ஈன்றவுடன், இரத்தத்திலுள்ள சுண்ணாம்புச் சத்து சீம்பாலில் இறங்கிவிடுகிறது. எலும்பிலிருந்து அது மீண்டும் வருவதற்குள் தசைகள் சோர்கின்றன, குடல் நிற்கிறது, உடல் சூட்டை உண்டாக்கும் ஆற்றலும் தளர்கிறது. ஒரு காலத்தில் இதில் விழுந்த பசுக்களுள் பெரும்பாலானவை மாண்டன. 1897இல் டென்மார்க் நாட்டுக் கோல்டிங் நகரத்துக் கால்நடை மருத்துவர் சுமித், மடியில் நஞ்சு ஊறுவதே காரணம் என்று கருதி, காம்பின் வழியே ஒரு மருந்துநீரைச் செலுத்தினார், பசுக்கள் பிழைத்தன. பின்னர் வெறுங்காற்றை அடித்தாலும் பிழைப்பதைக் கண்டனர். நஞ்சு என்று ஒன்றுமே இல்லை. மடி உப்பியதால் பால் ஊறுவது நின்றது. சுண்ணாம்புச் சத்து இரத்தத்திலேயே தங்கிற்று. தவறான எண்ணத்திலிருந்து சரியான மருத்துவம் பிறந்த விந்தை இது. உண்மைக் காரணத்தை 1925இல் ஸ்காட்லாந்தில் டிரையர், கிரெய்க் என்னும் இருவர் எடுத்துரைத்தனர்.

இப்பொழுது பாதரசக் குழல்கள் மறைந்து வருகின்றன. எண்ணை ஒளியில் காட்டி, நேரமானதும் ஒலியெழுப்பும் கருவிகள் வந்துவிட்டன. தேனிக்கு அருகே வீரபாண்டியில் 2020இல் கால்நடை மருத்துவக் கல்லூரியும் தொடங்கப்பட்டுள்ளது. என் தங்கை மகன் தன் பசுவின் அளவைத் தொலைபேசியில் சொல்லி, "மாமா, இது அதிகமா, குறைவா?" என்று கேட்பான். நேற்று எவ்வளவு, அசை போடுகிறதா, வெயிலில் நின்றதா, ஈன்று எத்தனை நாள் என்று நான் திருப்பிக் கேட்பேன். "எண்ணைச் சொன்னால் போதாதா?" என்று அவன் சலித்துக் கொள்வதும் உண்டு.

மறு ஆண்டு செவலை மீண்டும் ஈன்றபோது, மருத்துவரிடம் முன்கூட்டியே சொல்லி வைத்தோம். மூன்று இரவுகள் நான் தொழுவத்திலேயே படுத்தேன். பரணிலிருந்து இறக்கிய நோட்டு தலைமாட்டில் இருந்தது. மூன்று மணிக்கு ஒரு முறை எழுந்து அளவெடுத்து, அரிக்கேன் விளக்கடியில் குறித்தேன். இரண்டாம் இரவு அப்பத்தா வந்து நின்றார். "எவ்வளவு, தம்பி?" என்றார். "101.4" என்றேன். அவர் குனிந்து காதைத் தொட்டுப் பார்த்தார். பிறகு என் கையைப் பிடித்து அந்தக் காதடியில் வைத்து, "இப்படித்தான் இருக்க வேண்டும், நினைவில் வைத்துக்கொள்" என்று சொல்லிவிட்டுப் படுக்கப் போனார்.