பாட்டி சிரித்த ஊமைப்படம்

எங்கள் பாட்டிக்குக் காது கேட்காது. தொலைக்காட்சி பார்த்து நாங்கள் சிரிக்கும்போது, அவர்கள் எங்கள் முகங்களைத்தான் பார்ப்பார்கள்.

1905-ல் திருச்சி ரயில்வே ஊழியர் சாமிக்கண்ணு வின்சென்ட், டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியை வாங்கி ஊர் ஊராக ஊமைப்படம் காட்டினாராம். அதைப் படித்தபோது, ‘காதே தேவைப்படாத படங்களாயிற்றே!’ என்று தோன்றியது.

சாப்ளினுக்கு முன்னோடியான பிரெஞ்சு நடிகர் மாக்ஸ் லிண்டரின் நகைச்சுவைப் படமொன்றை அப்பாவின் கைபேசியில் பாட்டிக்குக் காட்டினேன். மனைவி கோபித்துக்கொண்டு தாய்வீடு போய்விடுகிறாள். சமைக்கத் தெரியாமல் மாக்ஸ் படும் பாடு இருக்கிறதே!

பாட்டி எனக்கு முந்திச் சிரித்துவிட்டார்கள். “உங்க தாத்தாவும் இப்படித்தான். நான் அரூர்ல அம்மா வீட்டுக்குப் போனா, மூணாம் நாளே பஸ் ஏறி வந்து நிப்பாரு” என்று வெட்கத்தோடு சொன்னார்கள். பிறகு, “இன்னொரு தடவை போடு” என்றார்கள்.