உப்புக்காத்துல பூச்செடி

மரக்காணத்துல வீட்டுத்தோட்டம் போடறது கொஞ்சம் வம்பான வேலைங்க. அம்மா கேக்கறது இட்லிப்பூ. உவர்மண்ணுல அது இலை வெளுத்து, ஓரம் கருகிடும். அரளியும் காகிதப்பூவும் தாங்கும். ஆனா அரளி வேர்லேர்ந்து பூ வரைக்கும் விஷம். எங்க வீட்டுல நடை பழகற குழந்தை இருக்கு. அதனால வேலியோரம் காகிதப்பூதான். (முள்ளு? பூத்து ஓஞ்சதும் கவாத்து பண்ணிக்கலாம்.)

தண்ணி ஊத்தறதுலதான் சூட்சுமமே. உப்பளத்துல என்ன பண்றாங்க? பாத்தியில தண்ணியை மெலிசா தேக்கி வெயில்ல காய விடறாங்க, உப்பு மிஞ்சுது. கிணத்துத் தண்ணியே உப்பா இருக்கற ஊர்ல தினம் ஒரு சொம்பு தெளிச்சா, செடியடியிலயும் இதேதான் நடக்கும்! சில நாளுக்கு ஒருதரம், வேரைத் தாண்டி இறங்கற மாதிரி நிறைய ஊத்தி, மேல சருகு போட்டு மூடணும். ஐப்பசி மழை ஆரம்பிக்கறப்ப நட்டா, மண்ணுல இருக்கற உப்பை மழையே கழுவிடும்.

அம்மாவோட இட்லிப்பூவுக்குத் தனியா ஒரு தொட்டி, செம்மண், பிடிச்சு வெச்ச மழைத்தண்ணி. தொட்டி வாங்கியாச்சு.