வசூல் பாக்கி

ரியாத்திலிருந்து வந்த ஆறு டீ கிளாஸ்களில் ஒன்றுகூட உடையவில்லை. ஒவ்வொன்றையும் செய்தித்தாளில் சுற்றி, இடுக்குகளிலும் தாளைக் கசக்கித் திணித்து, அட்டைப்பெட்டிக்குள் அடுக்கிக் கொண்டுவந்திருந்தார் தம்பி. கூடப் பிறந்தவர் இல்லை. கப்பலூர் சிட்கோவில் எங்கள் கம்பெனிக்குப் பக்கத்து ஷெட்டில் ஒரு காலத்தில் லேத் ஓட்டியவர். அப்புறம் பதினோரு வருடம் சவுதியில் ஸ்டோர் கீப்பர். “டீ குடிக்கையில என் நெனப்பு வரணும்ண்ணே” என்று பெட்டியை என் மேஜைமேல் வைத்துவிட்டுப் போனார். கிளாஸ்களை வீட்டில் கொடுத்துவிட்டேன். தாள்களை நான் எடுத்துக்கொண்டேன்.

கசங்கலை நீவிப் பேரேட்டுக்கு அடியில் இரண்டு நாள் வைத்ததும் தாள் ஓரளவு படிந்தது. அரபி எழுத்து ஒன்றுகூட எனக்குத் தெரியாது. ஆனாலும் பார்த்தவுடன் சந்தைப் பக்கம் என்று தெரிந்துவிட்டது. குறுகிய கட்டங்கள், புள்ளிக்குப் பின்னால் இரண்டு இலக்கம், மேலேயும் கீழேயும் பார்க்கும் சின்ன முக்கோணங்கள். முப்பது வருடம் கணக்கு எழுதியவனுக்கு அது போதும். அரபியில் எழுத்து வலமிருந்து இடம் போகும். எண்களோ நம்மைப் போலவே இடமிருந்து வலம். அந்த ஊர் வாசகர் ஒரே வரிக்குள் இரண்டு திசையில் கண்ணை ஓட்டுகிறார். இதை நினைத்துக்கொண்டே ஒரு மத்தியானம் முழுக்க அந்தத் தாளைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மறுநாள் சாப்பாட்டு நேரத்தில் தம்பி வந்து மேலே இருந்த பெயரை வாசித்தார்: அல் இக்திஸாதியா. ரியாத்தில் 1992-இல் தொடங்கிய வணிக நாளிதழ். தம்பி சின்ன வயதில் மதரஸாவில் ஓதியவர். எந்த அரபிச் சொல்லையும் எழுத்துக்கூட்டி உரக்க வாசித்துவிடுவார். பொருள் தெரியத் தொடங்கியது சவுதிக்குப் போன பிறகுதான், அதுவும் கடைவீதியில் பழகியவரைக்கும். இக்திஸாத் என்றால் பொருளாதாரம். அதற்கு முன் அந்தச் சொல்லுக்கு நடுநிலை, அளவோடு இருத்தல் என்ற அர்த்தங்கள் இருந்திருக்கின்றன. இமாம் கஸ்ஸாலி நம்பிக்கையில் நடுநிலை பற்றி எழுதிய நூலின் தலைப்பிலேயே இக்திஸாத் இருக்கிறது. அளவறிதல் என்று தொடங்கிய சொல் பங்குச்சந்தை வரை வந்திருக்கிறது. நமக்கோ பொருள் என்றால் செல்வமும் அதுதான், அர்த்தமும் அதுதான். பொருளைப் பற்றிய தாள், பொருள் தெரியாமல் என் கையில்.

பட்டியலில் ஒரு பெயரில் தம்பியின் விரல் நின்றது. ஸாபிக். 1976-இல் சவுதி அரசு தொடங்கிய பெட்ரோ கெமிக்கல் நிறுவனம். கச்சா எண்ணெய் ஏறினால் அதன் பின்னாலேயே பிளாஸ்டிக் மூலப்பொருளும் ஏறும். சில நாளில் எங்கள் கம்பெனி வாசலில் லாரியிலிருந்து இறங்கும் மூட்டையின் பில்லில் அது தெரியும். அந்த நாளிதழுக்குக் கப்பலூரிலும் வாசகர்கள் உண்டு. அரபி தெரியாத வாசகர்கள். தங்களுக்கு வேண்டிய அந்த ஒரு வரியை மட்டும் வேறு ஏதோ ஒரு வழியில் தெரிந்துகொள்கிறவர்கள்.

ஒரு வரி வாசகர் என்றால் எனக்கு அப்பாதான். திருமங்கலத்தில் அவருக்குச் சின்ன மளிகைக் கடை. தினத்தந்தியை ஆதித்தனார் 1942-இல் தொடங்கியது எங்கள் மதுரையில்தான் என்று பெருமையாகச் சொல்வார். ஆனால் எந்தப் பேப்பரிலும் முதல் பக்கத்தை அவர் நிதானமாகப் படித்து நான் பார்த்ததில்லை. வாரா வாரம் வரும் விருதுநகர் சந்தை நிலவரம்தான் அவருக்குப் பேப்பர். அது வரும் அன்று கடை திறந்ததும் கல்லாப்பெட்டிமேல் தாளை விரிப்பார். கடலை எண்ணெய் 15 கிலோ டின், நல்லெண்ணெய், துவரம் பருப்பு, உளுந்து, மல்லி, வத்தல். விரல் ஒவ்வொரு வரியாக இறங்கி வத்தலில் நிற்கும். போன வார விலை அவருக்கு மனப்பாடம். உதடு லேசாக அசையும். பிறகு, “களத்துல மழை விழுந்திருச்சுடா” என்பார்.

இது எனக்குப் பல வருடம் புரியாத மந்திரமாக இருந்தது. தாளில் இருப்பது ஒரு எண். அப்பா சொல்வது மழை. பிற்பாடுதான் விளங்கிற்று. ராமநாதபுரம் பக்கம் பழுத்த மிளகாயைப் பறித்துக் களத்தில் காயப்போட்டிருக்கும்போது மழை பெய்தால் வத்தல் கறுத்துப்போகும். நல்ல சரக்கின் வரத்து குறையும். விருதுநகரில் விலை ஏறும். அப்பா அந்த வழியே பின்னோக்கி நடந்து விலையிலிருந்து மழைக்குப் போய்விடுவார். முதுகுளத்தூரையோ கமுதியையோ அவர் பார்த்தது ஓரிரு முறைதான். ஆனால் அங்கே காய்வது, நனைவது, அறுவடை தள்ளிப்போவது எல்லாம் கல்லாப்பெட்டியில் உட்கார்ந்தபடியே அவருக்குத் தெரிந்துவிடும். படித்து முடித்ததும் அந்தப் பகுதியை மட்டும் பிளேடால் வெட்டி, பில் குத்தும் கம்பியில் குத்துவார். மீதிப் பேப்பர் கடுகு, சீரகம் மடிக்கப் போகும். கம்பியில் ஒரு வருட விலை ஏறிக்கொண்டே இருக்கும். தீபாவளிக்கு முன்னால் எல்லாவற்றையும் கழற்றிக் கீழிருந்து மேலாக ஒருமுறை படிப்பார். நான் பக்கத்தில் உட்கார்ந்திருப்பேன். அப்பா முகத்தில் அத்தனை ஆழ்ந்த வாசிப்பை வேறு எந்தப் புத்தகத்தின் முன்னாலும் நான் கண்டதில்லை.

இதை நினைத்துத்தான் பரணிலிருந்து அப்பாவின் பழைய பேரேடு ஒன்றை எடுத்துக்கொண்டு கப்பலூருக்கு வந்தேன். அரபித் தாளையும் பேரேட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக்கொண்டு, தம்பியும் நானும் நாலைந்து மத்தியானங்கள் டிபன் பாக்ஸைத் திறந்து வைத்தபடி உட்கார்ந்திருந்தோம். கண்டுபிடிப்பு முதல் நாளிலேயே வந்துவிட்டது. பேரேட்டில் அப்பா பெரிதாக எழுதிக் கோடு போட்டிருந்த தலைப்பு: பாக்கி.

“இது அரபியாச்சேண்ணே!” என்றார் தம்பி.

அங்கே கடையில் ஐம்பது ரியால் நோட்டைக் கொடுத்துச் சாமான் வாங்கினால், கடைக்காரர் திருப்பித் தரும் சில்லறைக்கு அல் பாக்கி என்று பெயராம். மீதி. அங்கே பாக்கி வாடிக்கையாளர் கைக்கு வருகிறது. அப்பாவின் கடையில் பாக்கி அவர்களிடமே தங்கிவிட்டது. அடுத்த சொல் அசல். அரபியில் வேர், மூலம். அதன் பன்மையான உஸூல் என்பதைத்தான் நிறுவனங்களின் சொத்துகளுக்கு வணிகப் பக்கங்களில் எழுதுகிறார்கள். வேர்கள்! நகல் என்பது ஓரிடத்திலிருந்து இன்னோரிடம் கொண்டுபோவது. அங்கே போக்குவரத்து அமைச்சகத்தின் பெயரில் அந்தச் சொல் இருக்கிறது. ஜன்னலுக்கு வெளியே சுங்கச்சாவடியைப் பார்த்து வரிசையில் ஊர்ந்துகொண்டிருந்த லாரிகளைப் பார்த்தேன். அத்தனையும் நகல். தகராறு என்பது திரும்பத் திரும்பச் சொல்வது, அவ்வளவுதான். அடிதடியை நாம் சேர்த்திருக்கிறோம். வகையறா என்று ஒரு குடும்பத்தையே அடக்கி எழுதுகிறோமே, அது ‘மற்றும் பிற’ என்ற இரண்டு சிறு அரபிச் சொற்களின் ஒட்டு.

இவையெல்லாம் கப்பலில் நேராக வந்து இறங்கியவை அல்ல. பாரசீகம் அரசாங்க மொழியாக இருந்தபோது அதற்குள் குடியேறி, ஆர்க்காட்டு நவாபுகளின் வரிக் கணக்கோடு தெற்கே நடந்து வந்தவை. 1759 முதல் 1764 வரை மதுரைச் சீமையை நிர்வகித்த யூசுப் கான், மக்கள் வாயில் மருதநாயகம், வரித் தகராறு முற்றித்தான் நவாபையும் கும்பினியையும் எதிர்த்தார். 1764 அக்டோபரில் மதுரையிலேயே தூக்கிலிடப்பட்டார். அப்பாவின் பேரேட்டுத் தலைப்புகளுக்குப் பின்னால் இவ்வளவு ரத்தம் இருக்கும் என்று அவருக்குத் தெரிந்திருக்காது.

நாமும் ஒன்று கொடுத்திருக்கிறோம். பேரேட்டில் புளி என்று ஒரு வரி வந்தது. அதைத் தம்பியிடம் காட்டி, அரபியில் என்ன என்றேன். தம்ர் ஹிந்தி. இந்தியப் பேரீச்சை. இந்தச் சொல்தான் ஐரோப்பாவுக்குப் போய் டாமரிண்ட் ஆயிற்று. மொராக்கோப் பயணி இப்னு பதூதா 14-ஆம் நூற்றாண்டில், சுல்தான்களின் ஆட்சியில் இருந்த மதுரைக்கு வந்தபோது ஊரில் கொள்ளைநோய். அவருக்கும் கடும் காய்ச்சல். புளியைத் தண்ணீரில் கரைத்துக் குடித்துப் பிழைத்ததாக எழுதிவைத்திருக்கிறார். உலகத்தில் பாதியைச் சுற்றிய மனிதருக்கு மதுரையில் உயிர் கொடுத்தது நம் வீட்டுப் புளித்தண்ணீர். இந்தக் கரையை அராபியர்கள் மஅபர் என்று அழைத்தார்கள். கடக்கும் இடம் என்று அர்த்தம். பக்கத்தில் கடலே இல்லாத கப்பலூரில் உட்கார்ந்து இதைத் தம்பியிடம் சொன்னபோது, அவர் சோற்றைப் பிசைவதை நிறுத்திவிட்டு, “அதே புளியத்தான அம்மா வருசா வருசம் கட்டிக் குடுத்துவிட்டுச்சு” என்றார்.

கடைசியாக மிஞ்சியது வசூல். அரபியில் வுஸூல், வந்து சேர்தல். ரசீது என்பதோ பாரசீகச் சொல். அதற்கும் வந்து சேர்ந்தது என்றே அர்த்தம். பணம் வந்தாலும் வந்து சேர்ந்தது. அதற்குக் கொடுக்கும் தாளும் வந்து சேர்ந்தது. எங்கோ புறப்பட்டு வழியெல்லாம் கடந்து கடைக்கு வந்து சேரும் ஒன்றாகப் பணத்தை நினைத்திருக்கிறார்கள். அப்பாவின் பேரேட்டில் கடைசி நாலு பக்கத்தில் பாக்கி நிறைய இருக்கிறது. எதிரே வசூல் கட்டம் காலி.

தம்பி அந்தக் காலிக் கட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு முதன்முதலாக ரியாத்தில் இறங்கிய ராத்திரியைச் சொன்னார். வயது இருபத்து மூன்று. விமானத்திலிருந்து இறங்கி எல்லோரும் போகும் திசையில் போயிருக்கிறார். தலைக்கு மேலே பெரிய பலகை. பழக்கதோஷத்தில் எழுத்துக்கூட்டி வாசித்திருக்கிறார்: வாவ், ஸாத், வாவ், லாம். வுஸூல். வருகை என்று அன்றைக்கு அவருக்குத் தெரியாது. வசூல் என்று போட்டிருக்கிறது, இங்கே ஏதோ பணம் கேட்கப்போகிறார்கள் என்று பயந்துபோனார். ஏஜெண்டுக்கே கடன் வாங்கிக் கொடுத்து வந்தவர். சட்டைப்பையில் இருந்தது கொஞ்சம் ரியால்தான். அதைக் கையோடு இறுக்கிப் பிடித்துக்கொண்டு பலகைக்குக் கீழே நடந்திருக்கிறார்.

“யாரும் ஒண்ணும் கேக்கலண்ணே. கண்ணாடிக் கதவு, அதுவாத் தொறந்துச்சு.”