தோட்டக்காரர் என்றொரு பதவி

ஓய்வு பெற்றுச் சீனன்குடாவுக்குத் திரும்பிய நாள்முதல், மாலை வேளைகளில் ஊர்ப்பிள்ளைகள் சிலர் என் வீட்டு விறாந்தைக்கு வருகின்றனர். கணினி கற்கப் போவதாகவே வீட்டில் சொல்லியிருப்பர். அவர்கள் கேட்பனவோ வேறு. மாவாலையில் வேலை தேடுவதா, எண்ணெய்த் தாங்கித் தொகுதியில் இடம் கிடைக்குமா, கொழும்புக்குப் போவதா, கடல் கடப்பதா? இருபத்தைந்து ஆண்டுகள் ஒரு நிறுவனத்தின் கணினிப் பகுதியை நடத்திய எனக்கு, இவ்வினாக்களின் முன் வாயடைத்துப் போகிறது.

அவ்வேளைகளில் சுப்ரதோ பாக்சி நினைவுக்கு வருகிறார். 1957இல் ஒடிசாவிற் பிறந்த அவர், மாநில அரசின் கைத்தொழில் திணைக்களத்தில் எழுதுவினைஞராகத் தொழில்வாழ்வைத் தொடங்கியவர். பின்னர் கணினித் துறையிற் புகுந்து, விப்ரோவிற் பணியாற்றி, 1999இல் பெங்களூரில் மைண்ட்ரீ நிறுவனத்தைத் தொடங்கிய பதின்மருள் ஒருவரானார். அதன் தலைமை நிருவாகப் பொறுப்பொன்றை வகித்துக்கொண்டிருந்த அவர், 2008இல் அதனை விட்டு விலகித் தமக்கு இட்டுக்கொண்ட பதவிப்பெயர் ‘தோட்டக்காரர்’ என்பதாகும். நிறுவனத்தின் முன்னணியிலிருந்த நூறு பேரைத் தனித்தனியே சந்தித்து, அவர்தம் ஆற்றலை வளர்ப்பதே அப்பதவியின் வேலை.

முதன்முதலில் இதனை வாசித்தபோது நான் நகைத்தேன் என்பதை மறைப்பதற்கில்லை. கட்டளையிடும் நாற்காலியிலிருந்து ஒருவர் தாமாக இறங்குவாரா? விளம்பரத்துக்குரிய அலங்காரப் பெயர் என்றே எண்ணினேன். முகாமைத்துவ உலகில் அத்தகைய பெயர்களுக்குப் பஞ்சமுமில்லை.

என் எண்ணத்தைத் திருப்பியது அவருடைய நூலெதுவுமன்று, என் தவறொன்றே. எனக்குக் கீழ்ப் பணியாற்றிய இளம் பொறியியலாளர் ஒருவர், ஒருநாள் அந்தி சாயும் பொழுதில் என் அறைக்கு வந்து, வேலையை விட எண்ணுவதாகக் கூறினார். கெட்டிக்காரர், இழக்க விரும்பவில்லை. சம்பள உயர்வுக்குச் சிபாரிசு செய்வதாக உறுதியளித்து, ஐந்து நிமிடங்களில் அவரை அனுப்பிவைத்தேன். திறமையாகக் கருமம் முடித்துவிட்டதாகவும் மகிழ்ந்தேன். அடுத்த மாதம் அவர் விலகிச் சென்றார். தகப்பனார் நோயுற்றிருந்தமையால், சிறிது காலம் திருகோணமலையிலிருந்தே பணியாற்ற இயலுமா என்று கேட்கவே அன்று வந்திருந்தார் என்பதைப் பின்னர் வேறொருவர் சொல்லி அறிந்தேன். என்னுடைய ஊர்க்காரர்தான், அவருடைய தகப்பனார் யாரென்றுகூட நான் விசாரித்ததில்லை. விடையை வைத்துக்கொண்டே வினாவைக் கேட்டிருக்கிறேன். மேலதிகாரியாக இருந்து பழகியவனுக்கு அவ்வழக்கம் எளிதில் நீங்குவதில்லை. தோட்டக்காரர் தம் முன்னைய பதவியை விட்ட காரணமும் எனக்கு அப்போதுதான் விளங்கியது. சம்பளத்தையும் பதவியுயர்வையும் தீர்மானிப்பவரிடம் எவர்தாம் மனந்திறப்பார்?

ஆயினும் ஒரு மனக்குறை எஞ்சியே நின்றது. நூறு பேர் என்பது உச்சியிலுள்ள நூறு பேர். நீரூற்றப்பட்டவை ஏலவே வளர்ந்த மரங்கள். அமெரிக்காவில் இன்றுயிற் நிறுவனத்தை நடத்திப் பின்னர் கூகுள் நிறுவனத் தலைவர்களுக்கு வழிகாட்டிய பில் காம்பெல் வரலாற்றிலும் இதனையே காண்கிறோம். பாக்சி அவ்விடத்தில் நின்றுவிடவில்லை. 2016இல் ஒடிசாத் திறன் அபிவிருத்தி அதிகாரசபையின் தலைமையை ஒரு ரூபாய் சம்பளத்தில் ஏற்றார். எழுதுவினைஞராகப் புறப்பட்ட அதே அரசின் பணிக்கு நாற்பதாண்டுகளின் பின் மீண்டார். இம்முறை அவர்முன் இருந்தோர் தொழிற்பயிற்சி நிலையங்களின் பிள்ளைகள்.

எங்கள் சீனன்குடாவிலே பிரித்தானியர் விட்டுச்சென்ற 99 எண்ணெய்த் தாங்கிகள் எஞ்சியுள்ளன. அவற்றுட் பெரும்பாலானவை பல்லாண்டுகள் வெறுமையாய்க் காட்டினுட் கிடந்தன. 2022 ஜனவரியில் அவற்றைப் பங்கிட்டு ஒப்பந்தமும் எழுதினர். இன்ன தாங்கி இன்னாருக்கு என்று அதிற் குறித்தாயிற்று. விறாந்தைப் பிள்ளைகளைப் பற்றி எவ்வேட்டிலும் குறிப்பில்லை.

சென்ற கிழமை ஒரு பெண்பிள்ளை வந்தாள். கொழும்பில் வேலை கிடைத்திருக்கிறதாம்; போவதா விடுவதா என்று கேட்டாள். போ என்று சொல்ல நா எழுந்தது. அடக்கிக்கொண்டு, “வீட்டில் யார் யார் இருக்கினம், பிள்ளை?” என்று கேட்டேன். அவள் பேசத் தொடங்கினாள். இரவுப் புகையிரதம் புறப்படும் நேரமாகியும் பேசி முடிக்கவில்லை.