விசுவாசக் கணக்கு யார் கையில்?

'லாயல்டி' என்பதைத் தமிழில் விசுவாசம் என்கிறோம். நம் சேரிகளில் அந்தச் சொல்லுக்கு ஒரு பழைய வாடை உண்டு. என் தாத்தா தேன்கனிக்கோட்டைப் பக்கம் பண்ணையாளாக இருந்தவர். வாங்கிய கடனையும் செய்த வேலையையும் குறித்த நோட்டு ஆண்டை வீட்டில்தான் இருக்கும். எழுதுவதும் அவர்தான், கூட்டுவதும் அவர்தான். விசுவாசமாக இருந்தால் பொங்கலுக்கு ஒரு வேட்டி. 1976-ல் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம் வந்தது. வேட்டி சலுகை, சட்டம் உரிமை. கடைகள் தரும் பாயிண்டுகளை இந்த வித்தியாசத்தோடு பார்க்க வேண்டும் என்கிறேன்.

டாடாவும் டிட்கோவும் சேர்ந்து 1984-ல் தொடங்கிய டைட்டன், நம் ஓசூரில்தான் கைக்கடிகாரம் செய்கிறது. அதன் வாடிக்கையாளர் திட்டத்தின் பெயர் என்சர்க்கிள். 2022 ஏப்ரலில் வந்த டாடா நியூ செயலியில் ஒரு நியூகாயின் ஒரு ரூபாய்க்குச் சமம். இத்தகைய திட்டங்களுக்கென்றே மென்பொருள் செய்யும் நிறுவனங்களும் உண்டு. 2008-ல் தொடங்கிய கேபிலரி டெக்னாலஜீஸுக்குத் தலைமையகம், அத்திப்பள்ளி தாண்டினால் வரும் பெங்களூருதான்.

உள்ளே என்ன நடக்கிறது? ஒருவர் எழுதி வைத்த நிரலைப் பலரும் எடுத்துப் பயன்படுத்தும் தொகுப்பைத்தான் மென்பொருள் லைப்ரரி என்கிறார்கள். லாயல்டி லைப்ரரியில் அடிப்படையாக நான்கு வேலைகள்: போன் நம்பரை வைத்து ஆளை அடையாளம் காண்பது, எத்தனை ரூபாய்க்கு எத்தனை பாயிண்ட் என்ற விதி, வரவு செலவுப் பேரேடு, சில்வர் கோல்டு என்று தரம் பிரிப்பது. பாயிண்டுகள் எப்போது காலாவதியாகும் என்பதும் அந்த விதியில்தான். விதியை மாற்றும் சாவி கடையிடம். ரீசார்ஜ் செய்ய முடியாமல் நம்பர் போனால், சேர்த்த பாயிண்டும் போய்விடலாம். சிப்காட்டில் வேலை செய்யும் தங்கச்சிகளுக்கு இது சின்ன விஷயமில்லை.

சில்வர், கோல்டைச் சாதியோடு ஒப்பிட மாட்டேன். கையில் காசிருந்தால் கடையில் மேலே ஏறலாம், சாதியில் முடியாது. ஆனால் சாதி படிவத்தின் வழியாக உள்ளே வருகிறது. என் மாலை வகுப்புக்கு வரும் ஒரு பெண், எல்லை தாண்டி ஒரு கடையில் உறுப்பினராகச் சேரப் போனாள். 'லாஸ்ட் நேம்' கட்டத்தை நிரப்பாமல் திரை நகரவில்லை. "சர்நேம் என்னம்மா?" என்று கல்லாவில் இருந்தவர் சத்தமாகக் கேட்டார். பின்னால் வரிசை. அவள் அப்பா பெயரைச் சொல்லிச் சமாளித்தாள். 1929-ல் செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டத்தைத் துறக்கச் சொன்னது. நாம் இனிஷியலோடு வாழப் பழகிவிட்டோம். நிரலில் அந்தக் கட்டத்தைக் கட்டாயமாக்கியவருக்கு இது தெரியவில்லை, அல்லது தோன்றவேயில்லை.

சட்டம் கொஞ்சம் நம் பக்கம் இருக்கிறது. போன் நம்பர் கொடுத்தால்தான் பில் என்று கடைகள் வற்புறுத்தக் கூடாது என்று 2023 மே மாதம் மத்திய நுகர்வோர் துறை அறிவுறுத்தியது. அதே ஆண்டு ஆகஸ்டில் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. எதற்காகத் தரவு கேட்கிறார்கள் என்ற அறிவிப்பைத் தமிழிலேயே படிக்க வழி செய்யச் சொல்கிறது அது. கொடுத்த சம்மதத்தைத் திரும்பப் பெறலாம், தரவை அழிக்கச் சொல்லலாம். விதிகள் 2025 நவம்பரில் வெளியாயின. நிறுவனங்களின் முக்கியக் கடமைகள் அதிலிருந்து 18 மாதம் கழித்தே அமலுக்கு வரும். அதற்குள் நம் ஆட்களுக்கு இதைச் சொல்லிக் கொடுத்தாக வேண்டும்.

தோழர்களே, பாயிண்ட் வாங்காதீர்கள் என்று நான் சொல்லவில்லை. அம்பது ரூபாய் தள்ளுபடி நமக்கும் அம்பது ரூபாய்தான். ஆனால் அதற்கு ஈடாக எதைக் கொடுக்கிறோம் என்று கேட்டுவிட்டுக் கொடுங்கள். கம்ப்யூட்டர் படித்துவிட்டு எலக்ட்ரானிக் சிட்டிக்கு வேலைக்குப் போகும் தம்பி தங்கைகளுக்கு இன்னொரு வேலையும் இருக்கிறது. அந்த லைப்ரரிகள் நாளை உங்கள் மேஜைக்கு வரும். முழுப்பெயருக்கு ஒரே கட்டம் போதும் என்று மீட்டிங்கில் கேளுங்கள். பேரேட்டை வாடிக்கையாளரும் பார்க்கட்டும் என்று கேளுங்கள். அந்த அறையில் நம் வீட்டுப் பிள்ளை ஒருவர் இருந்தால்தான் இந்தக் கேள்வி எழும்.