நான் எழுதிய சட்டம்



போன மாதம் சமூக அறிவியல் பீரியடில் டீச்சர் ஒரு வேலை கொடுத்தாங்க. “கற்பனையா ஒரு நாடு நினைச்சுக்கோங்க. அந்த நாட்டுக்கு ஒரு சட்டம் எழுதிட்டு வாங்க” என்றார்கள். எங்கள் வகுப்பில் பாதிப் பேர் வீட்டுப்பாடமே கூடாது என்று சட்டம் போட்டார்கள். நான் மின்னும் கடலுக்குச் சட்டம் போட்டேன். அதற்குக் காரணம் உண்டு.

2019 ஆகஸ்ட் 18 ராத்திரி. அப்போது நான் மூன்றாம் வகுப்பு. தூங்கிக்கொண்டிருந்த என்னை ஆயா எழுப்பி, “கடலு நீலமா எரியுதுடி, வந்து பாரு” என்று கையைப் பிடித்து இழுத்துப் போனாங்க. நம்ம குப்பத்துக் கரையில் அலை உடைகிற இடமெல்லாம் நீல வெளிச்சம். ஈர மணலில் கால் வைத்தால் காலைச் சுற்றி மின்னியது. நான் ஓடிப் போய் ஒரு பாட்டிலில் தண்ணி பிடித்து வந்தேன். ஆட்டினால் மின்னும், நிறுத்தினால் அணைந்துவிடும். காலையில் பார்த்தால் வெறும் தண்ணி. சாயங்காலம் நாற்றம் அடித்தது. ஆயா கீழே கொட்டிவிட்டாங்க. நான் அழுதேன்.

அன்றைக்கு விஷயம் பரவி எங்கிருந்தெல்லாமோ காரிலும் பைக்கிலும் ஜனங்கள் வந்தார்கள். காயப்போட்ட வலை மேலேயே ஏறி நடந்தார்கள். மறுநாள் முழுக்க அப்பா உட்கார்ந்து வலை பின்னினார். அது என் மனதிலேயே இருந்தது. அதனால் என் சட்டத்தில் இப்படி எழுதினேன்:

1. கடல் மின்னும் இரவில் யாரும் தண்ணீரில் இறங்கக் கூடாது.
2. கரையில் எந்த விளக்கும் எரியக் கூடாது.
3. மின்னும் உயிரைப் பிடிப்பவருக்கு ஒரு வருடம் ஜெயில்.

டீச்சரிடம் காட்டும் முன் அப்பாவிடம் படித்துக் காட்டினேன். அவர் சிரித்துவிட்டு, “மூணாவதுபடி மொதல்ல உன்னைத்தான் உள்ள போடணும். பாட்டில்ல புடிச்சவ நீதான?” என்றார். அப்புறம் சிரிக்காமல் கேட்டார்: “ராத்திரி இருட்டுல மீன் கூட்டம் ஓடுனா தண்ணி மின்னும். அதைப் பார்த்துதான் எங்க தாத்தா காலத்துலருந்து வலை போடுறோம். தண்ணியில எறங்கக் கூடாதுன்னா நாம என்னத்த சாப்பிடுறது?”

எனக்குப் பதில் தெரியவில்லை. ஊரிலிருந்து வந்து மிதித்தவர்களைத் தடுக்க எழுதிய சட்டம் எங்க அப்பாவைத்தான் தடுத்தது.

அறிவியல் சாரிடம் போய்க் கேட்டேன். அந்த வெளிச்சம் நாக்டிலூகா என்ற ஒரே செல் உயிரி. அலை மோதினால் மின்னும். அது அழிந்துபோகிற உயிர் இல்லை என்று சொன்னார். அதோடு, அது அளவுக்கு மீறிப் பெருகினால் நல்லதும் இல்லையாம். இங்கே மின்னிய அடுத்த மாதமே, 2019 செப்டம்பரில், மண்டபம் பக்கத்தில் இதே உயிரி பெருகிக் கடல் பச்சையாகி, மீன்கள் செத்து ஒதுங்கின. அழுக்குத் தண்ணீரும் உரமும் கடலில் கலந்தால் இது போன்ற உயிரிகள் பெருகலாம் என்றும் சார் சொன்னார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அழகா இருக்கிறதே என்று நான் காப்பாற்றப் பார்த்தது, கடலுக்கு உடம்பு சரியில்லை என்பதற்கு அடையாளமாகவும் இருக்கலாம்.

உண்மையிலேயே மின்னும் கடலுக்குச் சட்டம் உள்ள நாடுகள் உண்டு. போர்ட்டோ ரிக்கோவில் வியெக்கஸ் தீவில் ஒரு விரிகுடா மின்னும். அங்கே குளிக்கத் தடை. ஜப்பானில் தொயாமா விரிகுடாவில் மின்னும் கணவாய் கூட்டமாக வரும். 1952இல் அரசு அதைச் சிறப்பு இயற்கைச் சின்னம் ஆக்கியது. எதை என்று கேளுங்கள். கணவாயை அல்ல, அது கூடுகிற கடற்பரப்பை! கணவாயை மீனவர்கள் இன்றும் பிடிக்கிறார்கள். இதைப் படித்ததும் அப்பாவுக்குப் பதில் கிடைத்த மாதிரி இருந்தது.

நம்ம நாட்டிலும் சட்டம் இருக்கிறது. நம்ம கரைக்கு முட்டையிட வரும் பங்குனி ஆமைக்கு 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது. ஆனால் 2025 ஜனவரியில் சென்னைக் கரையில் நூற்றுக்கணக்கான ஆமைகள் செத்து ஒதுங்கின. நானும் ஒன்றைப் பார்த்தேன். கண் வெளியே வந்திருந்தது. அப்பா சொன்னார்: “அஞ்சு கடல் மைலுக்குள்ள இழுவை போட்டு வரக் கூடாதுன்னு சட்டம் இருக்கு. வராமயா இருக்கு? நீ புதுசா எழுதி என்ன ஆவப்போவுது?” இதற்கும் எனக்குப் பதில் இல்லை. ஆனாலும் எழுதாமல் இருக்க மனசு வரவில்லை.

முட்டையிலிருந்து வரும் ஆமைக்குஞ்சு, வெளிச்சம் எங்கே தெரிகிறதோ அங்கே போகும். இருட்டில் கடல்தான் வெளிச்சமாகத் தெரியும். நம்ம தெரு விளக்கு அதைவிடப் பளிச்சென்று இருந்தால், குஞ்சு ரோட்டுப் பக்கம் வந்து செத்துப்போகும்.

பழைய தாளைக் கிழித்துவிட்டு மறுபடி எழுதினேன். என் புது சட்டம்:

1. சாக்கடைத் தண்ணீரைச் சுத்தம் செய்யாமல் கடலில் விடக் கூடாது.
2. ஆமை வரும் மாதங்களில் கடலைப் பார்த்த விளக்குக்கு மறைப்பு போட வேண்டும். மீன் இறக்கும் இடத்தில் மட்டும் விளக்கு எரியலாம்.
3. கடல் மின்னினால் எல்லாரும் வந்து பார்க்கலாம். வலையை மிதிக்கக் கூடாது.

இரண்டாவதில் மீன் இறக்கும் இடத்தைச் சேர்க்கச் சொன்னது அப்பாதான். மூன்றாவதைப் படித்ததும் ஆயா, “இதுக்கெல்லாமா சட்டம்?” என்றாங்க. வேண்டும் ஆயா. நீங்க பார்த்தீங்களே.

டீச்சர் பத்துக்கு எட்டு மார்க் போட்டார்கள். தண்டனை எழுத மறந்துவிட்டேனாம்.

கடற்கரைத் தெருவில் இருக்கிற நம்ம பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கு ஒரு வேண்டுகோள். ஜனவரி முதல் மே வரை ராத்திரி மொட்டை மாடி லைட்டை அணைத்துவிடுங்கள். அதற்கு எந்தச் சட்டமும் வேண்டாம். எங்கள் வீட்டில் அணைத்துவிட்டோம்.



– ஒன்பதாம் வகுப்பு மாணவி