கால்மாட்டுக் கயிறு

திருவண்ணாமலைக்குப் போகிறேன் என்று அலுவலகத்தில் சொன்னதும், "பௌர்ணமி அடுத்த வாரம்தானே?" என்றார் பக்கத்து இருக்கைக்காரர். கிரிவலத் திருவண்ணாமலை வேறு. எங்கள் ஊர் ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து நாலைந்து கிலோமீட்டர். மேற்குத் தொடர்ச்சி மலை கண்ணில் படும் தூரத்தில் தனியாக ஒரு சின்னக் குன்று, குன்றின்மேல் சீனிவாசப் பெருமாள். புரட்டாசிச் சனிக்கிழமைகளில் பஸ் கொள்ளாத கூட்டம் வரும், தென்திருப்பதி என்பார்கள். மற்ற நாட்களில் ஆட்டுக்குட்டிகள்தான் படியேறிக்கொண்டிருக்கும். நான் போனது சித்திரையில், ஒரு கட்டிலைப் பின்னி வாங்க.

காரணம் மதுரையில் எங்கள் வீட்டுக்கு மாசியில் வந்து இறங்கிய ஓர் அட்டைப்பெட்டி. ஏழு வயது மகளின் சின்னக் கட்டிலுக்கு, மெத்தைக்கு அடியில் வைக்கிற பாக்ஸ் ஸ்பிரிங் வாங்கியிருந்தேன். நாமே பூட்டிக்கொள்ள வேண்டியது. படம் போட்ட ஒரு தாள், இரும்புக் குழாய்கள், திருகாணிப் பொட்டலம், மேலே மாட்ட ஜிப் வைத்த துணியுறை. ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க அதில் போயிற்று. பூட்டி முடித்த பிறகுதான் தெரிந்தது, பேரில் இருக்கிற ஸ்பிரிங் பெட்டியில் இல்லை. அது ஏமாற்று வேலையும் இல்லையாம். இப்போதைய நுரை மெத்தைக்கு அடியில் துள்ளல் வேண்டாம், ஆடாத தளம் போதும். பழைய பேர் மட்டும் தொற்றிக்கொண்டு வருகிறது என்றார்கள். ஏறிக் குதித்துப் பார்த்த மகள், "இதுல ஒண்ணுமே வரலையேப்பா" என்றாள்.

அம்மாவிடம் போனில் புலம்பினேன். "தொழுவத்துல தாத்தா கட்டில் சும்மாதான கெடக்கு, வந்து எடுத்துட்டுப் போயேன்" என்றாள். "சட்டம் நல்லாருக்கு. கயிறுதான் செத்துப்போச்சு."

பின்னுகிறவர் காலை ஏழு மணிக்கே டிவிஎஸ் எக்ஸெல்லில் வந்துவிட்டார். முன்னால் மூன்று சுருள் தேங்காய்நார்க் கயிறு, பின்னால் அவர் மனைவி, அந்த அக்காவின் மடியில் இலவம்பஞ்சு மூட்டை. அண்ணாச்சிக்கு அறுபதைத் தாண்டியிருக்கும். சத்திரப்பட்டிப் பக்கம் விசைத்தறியில் பேண்டேஜ் துணி நெய்துகொண்டிருந்தவர். ராஜபாளையத்தைச் சுற்றி நூலைத் தொடாத குடும்பம் குறைவு. பி. ஏ. சி. ராமசாமி ராஜா 1936-இல் ராஜபாளையம் மில்லைத் தொடங்கியதிலிருந்து ஊரே பஞ்சையும் நூலையும் சுற்றித்தான் வளர்ந்தது. சத்திரப்பட்டிக்காரர்கள் அந்த நூலை ஆஸ்பத்திரிகளுக்கான கட்டுத்துணியாக்கிக்கொண்டார்கள். தறிச் சத்தத்தில் ஒரு காது மந்தமான பிறகு, அப்பா செய்த வேலைக்கே திரும்பிவிட்டதாக அண்ணாச்சி சொன்னார். "அங்க லூசா நெய்யணும், இங்க டைட்டா நெய்யணும். அவ்வளவுதான் தம்பி வித்தியாசம்."

அவ்வளவுதான் இல்லை என்று மதியத்துக்குள் எனக்குத் தெரிந்துவிட்டது.

கட்டில் ஐந்தடி நீளம், இரண்டரை அடி அகலம். நான்கு கால், நான்கு சட்டம். சட்டத்தின் முனைகளைச் செதுக்கிக் காலின் துளைக்குள் அடித்து இறக்கியிருக்கிறார்கள், ஆணியே கிடையாது. கயிற்றின் இழுப்புதான் நான்கு மூலைகளையும் சேர்த்துப் பிடிக்கிறது. அதனால் கயிறு செத்த கட்டிலைத் தூக்கினால் கால்கள் ஆடும். அண்ணாச்சி முதலில் கயிற்றின் ஒரு நுனியை இடது மூலையில் பிடித்து எதிர்மூலைவரை அளந்தார். அதே அளவை மற்ற இரு மூலைகளுக்கும் வைத்துப் பார்த்தார். இரண்டு விரல்கடை வித்தியாசம். கட்டிலைச் சாய்த்து வைத்து ஒரு காலில் மரச்சுத்தியலால் நாலு தட்டு. மறுபடி அளந்தார், சரியாக வந்தது. "கோணல் சட்டத்துல பின்னுனா தொட்டில் மாதிரி ஒரு பக்கம் உருட்டிவிடும்."

கயிறு அதற்குள் அண்டாத் தண்ணீரில் ஊறிக்கொண்டிருந்தது. நனைந்தால் உள்ளங்கையை அறுக்காது, மடிந்தும் கொடுக்கும். அவர் உள்ளங்கையில் இனி அறுக்க ஒன்றும் இல்லை. என் கையைப் பார்த்துத்தான் கூடுதலாக ஊறவிட்டிருப்பார் போல.

கால்மாட்டுச் சட்டத்திலிருந்து ஒரு முழம் தள்ளி, இரண்டு நெடுஞ்சட்டங்களுக்கும் குறுக்கே நாலைந்து இழைகளைச் சேர்த்து முறுக்கி ஒரு வடம் கட்டினார். பின்னல் தலைமாட்டுச் சட்டத்தில் தொடங்கி இந்த வடத்தோடு நின்றுவிடும். வடத்துக்கும் கால்மாட்டுச் சட்டத்துக்கும் இடையில் விட்ட அந்த ஒரு முழம் கடைசிவரை வெற்றிடமாகவே கிடந்தது. சிறுவயதில் இதே கட்டிலில் அந்தச் சந்துக்குள் கால் மாட்டி அழுதிருக்கிறேன். கயிறு போதாமல் விட்ட இடம் என்றே இத்தனை வருஷமும் நினைத்திருந்தேன்.

மூலையிலிருந்து சரிவாக, இரண்டிரண்டு இழையாகப் பின்னல் ஓடியது. இரண்டின்மேல் ஏறி, இரண்டின்கீழ் நுழைந்து, சட்டத்தைச் சுற்றித் திரும்பி வரும். முதல் அரைமணி நேரம் கட்டில் வலை போட்ட மாதிரி தொளதொளவென்று இருந்தது. என்னிடம் ஒரு நுனியைக் கொடுத்து இழுக்கச் சொன்னார். வீரத்தைக் காட்டி முழுப் பலத்தோடு இழுத்துப் பிடித்தேன்.

"விடுங்க, விடுங்க. முதல் இழையிலேயே இம்புட்டு இறுக்குனா பின்னாடி வர்றது எங்க போகும்?"

அப்புறம் விளக்கினார். தறியில் பாவு நேராகக் கிடப்பதாகத் தெரிந்தாலும், ஊடை ஏறி இறங்கும்போது பாவும் கொஞ்சம் வளைய வேண்டும். வளைய நீளம் வேண்டும். அந்த நீளத்தை முதலிலேயே தொய்வாக விட்டுவைக்க வேண்டும். அடுத்தடுத்து வரும் ஒவ்வோர் இழையும் அந்தத் தொய்விலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகத் தின்னும். கடைசி இழை நுழையும்போது மொத்தமும் ஒன்றாக இறுகியிருக்கும். எவ்வளவு விடுவது என்று கேட்டேன். கட்டைவிரலால் ஓர் இழையை அமுக்கிக் காட்டினார். அளவு அந்த விரலில்தான் இருந்தது.

பத்து மணிக்குமேல் பின்னல் நெருங்கிவிட்டது, விரல் நுழையவில்லை. மழுங்கிய மூங்கில்குச்சியால் கண்ணைத் திறந்து கயிற்றை உள்ளே தள்ளினார். சட்டத்தில் பாதத்தை ஊன்றி, இடுப்பிலிருந்து இழுக்கிறார், தோளிலிருந்து இல்லை. நான் தோளிலிருந்து இழுத்து அன்று இரவு தைலம் தேய்த்துக்கொண்டு படுத்தேன்.

நிஜமான பாக்ஸ் ஸ்பிரிங் எப்படி இருக்கும் என்பதை அந்த அட்டைப்பெட்டிக்குப் பிறகு தேடிப் படித்திருந்தேன். மரச்சட்டப் பெட்டி, அதன் பலகைகளில் வரிசையாக இறுக்கிய எஃகுச் சுருள்கள், மேலே துணி. கம்பிச்சுருளைப் படுக்கைக்குக் கொண்டுவந்தது 19-ஆம் நூற்றாண்டு. சுருள் வைத்த மெத்தையை 1871-இல் செய்ததாக ஹைன்ரிஷ் வெஸ்ட்பால் என்ற ஜெர்மானியரின் பேரைச் சொல்வார்கள். என்னை ஈர்த்தது சுருளைவிட அதைக் கட்டும் கயிறு. பழைய கைவேலைக்காரர்கள் ஒவ்வொரு சுருளையும் முன்னும் பின்னும், இடமும் வலமும், நான்கு மூலைக்குமாக எட்டுத் திசையில் சணல்கயிற்றால் பக்கத்துச் சுருள்களோடு பிணைப்பார்கள். ஒன்றின்மேல் ஏறும் பாரத்தைச் சுற்றியுள்ளவையும் வாங்கிக்கொள்ள வேண்டும் என்பதற்காக. தாத்தா கட்டிலில் கம்பிச்சுருள் கிடையாது, பிணைப்பு மட்டும் இருக்கிறது. நடுவில் கைவைத்து அழுத்தினால் நான்கு சட்டங்களும் முனகின.

தேங்காய்நாருக்கே ஒரு துள்ளல் உண்டு. அதில் லிக்னின் அதிகம். இழுத்தால் சட்டென்று அறாமல் நீண்டு கொடுக்கும். ரப்பர் கலந்த நார்மெத்தைத் தொழில் நிற்பதே இந்தக் குணத்தின்மேல்தான். நாரை இறுக முறுக்கிக் கயிறாக்கிச் சில நாள் வைத்திருந்து பிறகு பிரித்தால், ஒவ்வொரு நாரும் சுருண்ட மயிர்போல நிற்கும். அதன்மேல் ரப்பர்ப்பால் தெளித்து, அமுக்கி, சூட்டில் வேகவைப்பார்கள். கண்ணுக்குத் தெரியாத லட்சம் சுருள்கள்! ஆலப்புழையில் ட்யூரோஃப்ளெக்ஸ் 1963-இல் தொடங்கியது இப்படித்தான், தென்னை மட்டைக்குப் பஞ்சமில்லாத ஊரில். இங்கே எங்கள் தோப்புகளிலும் மட்டைக்குப் பஞ்சமில்லை. ஆனால் அண்ணாச்சிக்குக் கயிறு வெளியூரிலிருந்துதான் வருகிறது.

திண்ணையில் அக்கா தன் வேலையைத் தொடங்கியிருந்தார். மூக்கையும் வாயையும் சேர்த்துக் கட்டிய துண்டு, கையில் ஒரு மெல்லிய கம்பு. பங்குனி, சித்திரையில் இலவங்காய் முற்றி வெடிக்கும். இந்த இடத்தில் எழுதுகிறவர்கள் எல்லோரும் ஒரு கிளியைக் கொண்டுவந்து உட்காரவைப்பார்கள், நான் விட்டுவிடுகிறேன். பஞ்சைக் கம்பால் அடித்தால் கட்டி உடைந்து, ஒளிந்திருக்கும் விதைகள் கீழே உதிர்கின்றன. இலவம்பஞ்சின் ஒவ்வொரு நாரும் உள்ளே காற்று நிறைந்த குழல், வெளியே மெழுகுப்பூச்சு. வழவழப்பால் நூற்க வராது. ஆனால் தண்ணீரில் மிதக்கும். அதனால் கப்பல்காரர்களின் மிதவைச் சட்டைக்குள் வெகுகாலம் இருந்தது இதுதான். நெருக்கமாக நெய்த துணியில்தான் அடைக்க வேண்டும், இல்லாவிட்டால் இழைக்கிடையே புகுந்து வெளியேறிவிடும். கணவர் நெய்த பேண்டேஜ் துணிக்கும் மனைவி தைக்கிற மெத்தைத்துணிக்கும் இடையில் நெசவின் இரண்டு கோடிகள் இருக்கின்றன என்று நான் சொன்னபோது, அக்கா துண்டை இறக்கிவிட்டு, "அதெல்லாம் சரி, இந்தத் தூசிக்கு ஒரு வழி சொல்லுங்க" என்று இருமினார். மழைக்காலத்தில் நெஞ்சு கட்டிக்கொள்கிறதாம். எனக்கு வழி ஒன்றும் தெரியவில்லை.

அடைத்த உறையைக் கோணி ஊசியால் மேலிருந்து கீழாகக் குத்தி வாங்கி, நூலை இறுக்கி முடிச்சுப் போட்டார். பஞ்சு ஓரிடத்தில் கூடிவிடாமல் இருக்க. ஓரங்களில் கையை வைத்து அழுத்தி, மேடு தட்டிய இடங்களில் இன்னொரு குத்து. "வெயில்ல போடுங்க, உப்பி வரும். தண்ணி மட்டும் படக்கூடாது."

படுக்கையைப் பற்றி எழுதும்போது ஆண்டாளைத் தாண்டிப் போக முடியாது. அவள் ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரி. திருப்பாவையின் 19-ஆம் பாசுரத்தில் நப்பின்னையின் யானைத்தந்தக் கால் வைத்த கட்டிலும் பஞ்சசயனமும் வருகின்றன. அழகு, குளிர்ச்சி, மென்மை, மணம், வெண்மை என்று படுக்கைக்கு ஐந்து குணம் சொல்வார்கள் உரைகாரர்கள். அவளுக்கு முன்பே நெடுநல்வாடை, பாண்டிமாதேவியின் தந்தக் கட்டிலையும் அன்னத்தின் தூவி பரப்பிய படுக்கையையும் வரி வரியாகச் சொல்லிவிட்டது. எனக்கு ஒரே குறை: காலைப் பாடினார்கள், மெத்தையைப் பாடினார்கள். இரண்டுக்கும் நடுவில் பாரம் தாங்கி மூச்சுப் பிடித்துக்கொண்டு நிற்கிறதே, அதை யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. ஸ்ரீவில்லிபுத்தூர்க் கோயிலில் வடபத்ரசாயி படுத்திருக்கிறார். எங்கள் குன்றின்மேல் சீனிவாசர் நின்றுகொண்டிருக்கிறார். நிற்கிறவரின் ஊரில்தான் கட்டில் பின்ன ஆள் கிடைக்கிறது என்று அம்மாவிடம் சொன்னேன். ரசிக்கவில்லை.

ஆள் கிடைப்பதும் எத்தனை நாளைக்கோ. சாப்பாட்டுக்கு உட்கார்ந்தபோது அண்ணாச்சி பேசினார். சீர்வரிசைக்குக் கயிற்றுக்கட்டில் கேட்கிற காலம் போயே போய்விட்டது. இப்போது அவரைக் கூப்பிடுகிறவர்கள் தோப்புக்காரர்கள். மலையடிவாரத்து மாந்தோப்பிலும் தென்னந்தோப்பிலும் யானையும் பன்றியும் இறங்குகிற காலத்தில் இராக்காவலுக்குக் கட்டில் வேண்டும். அதுவும் கயிறு இல்லை, மழையில் நனைந்தாலும் கெடாத நைலான் நாடா. நீளவாட்டில் ஒரு சுற்று, குறுக்கே மேலும் கீழுமாக இன்னொரு சுற்று, இரண்டு மணி நேரத்தில் முடிந்துவிடும். கூலியும் பாதி. "நாடா இழுத்த இழுப்புக்கு அப்படியே நிக்கும். தொஞ்சா தொஞ்சதுதான், திரும்ப வராது. கயிறுன்னா நம்ம பேச்சக் கேக்கும்." மகன் திருப்பூரில் இருக்கிறான், இதைப் பழகவில்லை. அதைச் சொல்லும்போது அவர் குரலில் வருத்தம் இருந்ததாக எனக்குத் தோன்றவில்லை. இன்னொரு கரண்டி ரசம் கேட்டார்.

பிற்பகல் மூன்று மணிக்குக் கடைசிச் சுருளை எடுத்தார். கட்டிலின் நடுவில் ஏறி நின்று இரண்டு காலாலும் மிதித்தார். பின்னல் இறங்கிக் கொடுத்தது. அந்தத் தொய்வை வைத்துக்கொண்டே, கால்மாட்டில் விட்டிருந்த ஒரு முழ வெற்றிடத்துக்கு வந்தார். வடத்துக்கும் சட்டத்துக்கும் இடையில் செருப்புக்கயிறு கோப்பதுபோல ஒரே கயிற்றை மேலும் கீழுமாக ஓட்டி, ஒரு கோடியிலிருந்து ஒவ்வொரு சுற்றாக இழுத்துக்கொண்டே போனார். வடம் கால்மாட்டை நோக்கி நகர்ந்தது. அதோடு சேர்ந்து மொத்தப் பின்னலும் தலைமாடுவரை எழும்பி நின்றது. சட்டங்கள் காலுக்குள் இன்னும் இறங்கும் சத்தம் கேட்டது. இப்போது நான்கு கால்களும் ஆடவில்லை.

நடு இழையைச் சுண்டினார். டங் என்றது. அதற்குப் பக்கத்து இழையையும் சுண்டினார். தலையாட்டிக்கொண்டார்.

"புதுக்கயிறு பதினஞ்சு நாள்ல கொஞ்சம் தொய்யும். பயப்படாதீங்க. பின்னலத் தொடவே வேணாம். இந்தக் கால்மாட்டுக் கயித்த மட்டும் அவுத்து, சுத்துக்கு ஒரு பிடி இழுத்துக் கட்டுங்க."

அறுநூறு ரூபாய் கூலி பேசியிருந்தது, கயிறும் பஞ்சும் தனி. கூடக் கொடுத்ததை அக்காதான் வாங்கிக்கொண்டார். கட்டிலைக் காரின் தலையில் கவிழ்த்துக் கட்டி மதுரைக்குக் கொண்டுவந்தேன். கிருஷ்ணன்கோவில் தாண்டியதும் காற்றில் கயிறு முழுக்க ஒரே சுருதியில் ரீங்காரமிட்டது.

மகள் ஏறிக் குதித்தாள். ஏதோ வந்திருக்க வேண்டும், இறங்கவில்லை.

பதினேழாம் நாள் நடுவில் குழி விழுந்தது. அவர் சொன்னபடி அவிழ்த்து, இழுத்துக் கட்டிவிட்டு அண்ணாச்சிக்குப் போன் செய்தேன். சரியாக இழுத்திருக்கிறேனா என்று எப்படித் தெரிவது?

"போனக் கயித்துக்கிட்ட வச்சுச் சுண்டுங்க."

சுண்டினேன்.

"இந்தக் காதுல கேக்கல, இருங்க மாத்திக்கிறேன். ம், இப்பச் சுண்டுங்க."

இரண்டு தடவை சுண்டினேன். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் பேச்சில்லை. எக்ஸெல் ஒன்று கடந்து போகும் சத்தம் மட்டும் கேட்டது.

"இடது கோடியில இன்னும் ரெண்டு பிடி" என்றார்.